கிழமையற்ற நாளும் கொண்டாடப்படாத நாளும்: டோல்கினின் ஷயர் நாட்காட்டி குறித்த ஒரு திறனாய்வு

ஆய்வுச்சுருக்கம்

ஜே. ஆர். ஆர். டோல்கின் எழுதிய ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ புதினத்தின் பிற்சேர்க்கை, மிடில்-எர்த் என்னும் புனைவுலகில் வாழும் பல இனத்தாரின் நாட்காட்டிகளை விவரிக்கிறது. அவற்றுள் ஹாபிட் இனத்தார் பயன்படுத்தும் ஷயர் நாட்காட்டியை இக்கட்டுரை ஆராய்கிறது. புனைவுலக நாட்காட்டியின் நம்பகத்தன்மையைக் கணக்குத் துல்லியத்தைக் கொண்டு மட்டும் அளக்க இயலாது; பெயர்களின் தேய்வு, வழக்காறுகளின் முரண், மக்களின் மறதி ஆகியவையே அதனை ஒரு சமூகத்தின் உடைமையாக்குகின்றன என்பது இதன் கருதுகோள். நாட்காட்டியின் அமைப்பு, கிழமைச் சீர்திருத்தம், மாத, கிழமைப் பெயர்கள், மார்ச் 25 என்னும் நாள், ஷயரின் விழாக்கள் ஆகியன பகுப்பாய்வு முறையில் நோக்கப்படுகின்றன. இறுதியில் தமிழாக்கம் எதிர்கொள்ளும் சிக்கல் சுட்டப்படுகிறது.

திறவுச்சொற்கள்: டோல்கின், ஷயர் நாட்காட்டி, புனைவுலகம், துணைப்படைப்பு, பண்பாட்டு நினைவு, மொழிபெயர்ப்பு

1. முன்னுரை

நிலமும் பொழுதும் முதற்பொருள் எனத் தொல்காப்பியம் வகுத்துள்ளது. புனைவுலகங்களைப் பற்றிய திறனாய்வில் இவ்விரண்டும் ஒத்த கவனம் பெறுவதில்லை. நூலின் முகப்பில் இடம்பெறும் நிலப்படத்தை வாசகர் முதலில் காண்கின்றனர். நூலின் கடைசியில் இடம்பெறும் நாட்காட்டியைப் பெரும்பாலோர் புரட்டிக் கடந்துவிடுகின்றனர். நின்று படிப்பவர்களும் ஆசிரியரின் உழைப்பையும் கணக்குப் பிசகாமையையும் வியந்து பாராட்டுவதோடு அமைகின்றனர்.

இப்பாராட்டுக்கு டோல்கினே இடமளித்துள்ளார். 1939இல் செயின்ட் ஆண்ட்ரூஸ் பல்கலைக்கழகத்தில் தேவதைக் கதைகள் குறித்து நிகழ்த்திய உரையில், கதைஞர் ஒரு துணைப்படைப்பாளர் என்றும், அவர் படைக்கும் உலகம் தனக்குள் முரணின்றி இயங்கவேண்டும் என்றும் வற்புறுத்தினார். தம் படைப்பில் அதனைக் கடைப்பிடிக்கவும் முயன்றார். 1944இல் மகன் கிறிஸ்டபருக்கு எழுதிய கடிதமொன்றில், கதையின் முக்கியமான நாள்களில் நிலவு இயலாத செயல்களைச் செய்துகொண்டிருப்பதாகக் கவலைப்படுகிறார். ஒரே வேளையில் அது ஓரிடத்தில் எழுந்து மற்றோரிடத்தில் மறைந்துகொண்டிருந்தது.

எனினும் முரணின்மை என்னும் அளவுகோல் பாதி விடையையே தருகிறது. கணக்கு மட்டும் போதுமென்றால், கூட்டிப் பார்க்கத் தெரிந்த எவரும் நம்பத்தக்க நாட்காட்டி ஒன்றை உருவாக்கிவிடலாம். ஷயர் நாட்காட்டி வேறோர் அடுக்கையும் கொண்டுள்ளது. அது பயன்படுத்தப்பட்டுத் தேய்ந்த நாட்காட்டி. அத்தேய்வு எவ்வாறு கட்டமைக்கப்பட்டுள்ளது, அது புதினத்தின் பொருளோடு எவ்வாறு இணைகிறது என்பதே இங்கு எழுப்பப்படும் வினா.

2. நாட்காட்டியின் அமைப்பு

நாட்காட்டிகளைப் பற்றிய பிற்சேர்க்கை, புதினத்தின் மூன்றாம் தொகுதியான ‘தி ரிட்டர்ன் ஆஃப் த கிங்’ நூலுடன் 1955இல் வெளிவந்தது. அதன்படி ஷயர் ஆண்டு பன்னிரண்டு மாதங்களைக் கொண்டது. ஒவ்வொரு மாதத்திற்கும் முப்பது நாள்கள். எஞ்சிய ஐந்து நாள்கள் எம்மாதத்திலும் அடங்குவதில்லை. ஆண்டின் இறுதிநாளும் அடுத்த ஆண்டின் முதல்நாளும் யூல் நாள்கள் எனப்படும். ஆறாம், ஏழாம் மாதங்களுக்கு இடையில் லித் நாள்கள் மூன்று வரும். அவற்றுள் நடுவில் அமைவது ஆண்டின் நடுநாள். நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை, நூற்றாண்டின் கடைசி ஆண்டு நீங்கலாக, நடுநாளை அடுத்து ‘ஓவர்லித்’ என்னும் மிகுநாள் சேர்க்கப்படும்.

முப்பது நாள் மாதங்களும் மாதத்திற்குப் புறம்பான நாள்களும் வரலாற்றுக்குப் புதியவை அல்ல. பண்டை எகிப்தியரின் ஆண்டு இவ்வகையினது. பிரெஞ்சுப் புரட்சியாளர்கள் 1793இல் நடைமுறைப்படுத்திய குடியரசு நாட்காட்டியும் இவ்வகையினதே. டோல்கினின் தனித்தன்மை, ஒவ்வோர் இனத்தின் வாழ்வியல்புக்கும் ஏற்ற கால அளவுகளை அமைத்ததில் வெளிப்படுகிறது. மூப்பினால் இறவாத எல்ஃப் இனத்தார் 144 கதிராண்டுகளை ஒரு ‘யென்’ எனக் கொள்கின்றனர். அவர்களது ஆண்டு ஆறு பருவங்களாகவும், வாரம் ஆறு நாள்களாகவும் பகுக்கப்பட்டுள்ளன. கோண்டோர் நாட்டில் மார்டில் என்னும் ஆளுநர் நாட்காட்டியைத் திருத்துகிறார். பிழை திரண்டபோது பின்வந்தோர் நாள் சேர்த்துச் சரிசெய்கின்றனர். ஹாபிட்டுகளோ ஆற்றைக் கடந்து ஷயரில் குடியேறிய ஆண்டையே முதலாண்டாக வைத்துக்கொள்கின்றனர். உலகம் மூன்றாம் யுகத்தின் 1601ஆம் ஆண்டு எனக் குறித்தது அவர்களுக்கு ஒன்றாம் ஆண்டு.

3. கிழமையற்ற நாள்

ஹாபிட்டுகள் செய்த சீர்திருத்தம் ஒன்றைப் பிற்சேர்க்கை விரிவாகக் கூறுகிறது. 365 நாள்களை ஏழால் வகுத்தால் ஒரு நாள் எஞ்சும். அதனால் ஒரே தேதி ஆண்டுதோறும் வெவ்வேறு கிழமையில் விழும். இரண்டாம் ஐசென்கிரிம் என்னும் தலைவரின் காலத்தில் இதனை ஓர் ஒழுங்கின்மையாகக் கருதி, ஆண்டின் நடுநாளுக்கும் மிகுநாளுக்கும் கிழமைப் பெயரே இல்லையென முடிவுசெய்தனர். எஞ்சிய 364 நாள்களும் சரியாக 52 வாரங்களாக அமைந்தன. ஒவ்வோர் ஆண்டும் சனிக்கிழமையில் தொடங்கி வெள்ளிக்கிழமையில் முடிந்தது. ஒரு தேதிக்கு என்றும் ஒரே கிழமை என்றானபின், ஷயர் மக்கள் தம் கடிதங்களிலும் நாட்குறிப்புகளிலும் கிழமையைக் குறிப்பதையே விட்டுவிட்டனர். இவ்வசதி ஊருக்குள் மட்டுமே செல்லுபடியானது. பிரீ என்னும் அண்டை ஊரைத் தாண்டிப் பயணம் போவோருக்கு அதுவே இடையூறானது.

டோல்கின் எழுதிய காலத்தில் இத்தகைய திட்டங்கள் உலக அரங்கில் நிலவின. கிழமைக்கு வெளியே ஒரு நாளை ஒதுக்கும் ‘உலக நாட்காட்டி’யை எலிசபெத் அகெலிஸ் 1930 முதல் பரப்பினார். நாட்காட்டிச் சீர்திருத்தம் பற்றி 1931இல் ஜெனீவாவில் உலக நாடுகள் சங்கத்தின் மாநாடு விவாதித்தது. 1950களில் இந்திய அரசே உலக நாட்காட்டியை ஐக்கிய நாடுகள் அவையின் பொருளாதார, சமூக மன்றத்தின் பார்வைக்குக் கொண்டுசென்றது. ஏழுநாள் சுழற்சியை முறிப்பது வாராந்தர வழிபாட்டைக் குலைக்கும் என்று சமயத்தார் கடுமையாக எதிர்த்தனர். திட்டம் நிறைவேறவில்லை.

இத்திட்டங்களை டோல்கின் பின்பற்றினார் என நிறுவுவது இங்கு நோக்கமன்று. இரண்டையும் அருகருகே வைக்கும்போது தெரியவரும் வேறுபாடே முக்கியமானது. உலகில் தோற்ற சீர்திருத்தம் ஷயரில் எதிர்ப்பின்றி வென்றது. ஷயரில் வாராந்தர வழிபாடு இல்லை. முறிப்பதற்குப் புனிதமான சுழற்சி எதுவும் இல்லை. புதினத்தில் கோயில், பூசகர், வழிபாட்டு நாள் ஆகியன ஹாபிட்டுகளிடையே காணப்படாமையைத் திறனாய்வாளர்கள் பலகாலம் பேசியுள்ளனர். அவ்வெறுமையின் நேரடி விளைவை நாட்காட்டியின் இக்கூறு காட்டுகிறது.

சீர்திருத்தத்தின் மற்றொரு விளைவு இதனினும் நுட்பமானது. ஆண்டின் முதல்நாள் சனியாகவும் ஒவ்வொரு மாதமும் முப்பது நாளாகவும் அமைவதால், மாதங்களின் முதல் தேதிகள் ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன் என்னும் வரிசையில் வரும். நடுநாளுக்குப் பின் அதே வரிசை மீளும். எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் தொடங்காது. எனவே ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை’ என்பது ஷயரில் ஒருபோதும் வராத நாளைக் குறிக்கும் கேலித்தொடராயிற்று. பன்றி பறப்பதும் மரம் நடப்பதும் அந்நாளில்தான் நிகழும் என்பர். இல்லாத மாதம் ஒன்றின் பெயரையும் சேர்த்துச் சொல்வது தொடரின் முழுவடிவம்.

வாய்பாட்டுக் கணக்கொன்று மக்கள் வாய்மொழியாக மாறும் இடம் இது. தொடரில் வரும் எடுத்துக்காட்டும் தற்செயலாகச் சேர்ந்ததன்று. நடக்கும் மரத்தைப் பற்றிய பேச்சு புதினத்தின் தொடக்கத்திலேயே ஷயரின் மதுக்கடையில் எழுகிறது, கேட்டவர்கள் நகைக்கின்றனர். பின்னர் ஷயருக்கு வெளியே மரங்கள் உண்மையிலேயே நடந்து சென்று ஐசன்கார்டைத் தகர்க்கின்றன. ஷயர் மக்கள் ‘வராத நாள்’ என்று ஒதுக்கியது அவர்களது எல்லைக்கு அப்பால் வந்துவிட்ட நாளாக இருக்கிறது. தேதிக்கும் கிழமைக்கும் ஒழுங்கு கற்பித்துக்கொண்ட சமூகம் உலகின் ஒழுங்கின்மையைக் காணத் தவறுகிறது என்னும் புதினத்தின் விமரிசனம், நாட்காட்டியின் ஒரு கேலித்தொடரிலேயே செறிந்துள்ளது.

4. பெயர்களின் தேய்வு

ஷயரின் கிழமைப் பெயர்கள் எல்ஃப் இனத்தாரிடமிருந்து தொடங்குகின்றன. அவர்களது ஆறு நாள்கள் விண்மீன், கதிரவன், நிலவு, இரு மரங்கள், வானம், வாலார் எனப்படும் ஆற்றல்கள் ஆகியவற்றுக்கு உரியவை. கடலோடிகளான நூமெனோர் மக்கள் நான்காம் நாளை ஒற்றை மரத்திற்கு உரியதாக மாற்றி, வானநாளை அடுத்துக் கடல்நாள் ஒன்றைச் சேர்த்தனர். வாரம் ஏழு நாளாயிற்று. ஹாபிட்டுகள் இப்பெயர்களைத் தம் மொழியில் பெயர்த்துக்கொண்டு, விரைவிலேயே பொருளை மறந்து ஒலிவடிவையும் சிதைத்தனர். கடல்நாள் ‘மெர்ஸ்டே’ ஆயிற்று.

கடல் என்பது ஹாபிட்டுகளிடையே அச்சத்தைக் குறிக்கும் சொல். சாவின் அடையாளம் எனப் புதினத்தின் முன்னுரை கூறும். அத்தகைய மக்கள் வாரந்தோறும் கடலின் பெயரைச் சொல்லிக்கொண்டிருக்கின்றனர். சொல்வது கடலை என்பது அவர்களுக்குத் தெரியாது. மூழ்கிப்போன கடலோடி நாகரிகம் ஒன்றின் எச்சம், கடலஞ்சும் உழவர்களின் வாயில் வாழ்கிறது. நாட்காட்டியைக் கதைக்கு வெளியிலுள்ள இணைப்பாகக் கருதுவோர் இழப்பது இத்தகைய பொருளாழத்தை.

மாதப் பெயர்கள் வேறு வழியில் வந்தவை. டோல்கின் 1925 முதல் 1945 வரை ஆக்ஸ்போர்டில் ஆங்கிலோ-சாக்சன் மொழிப் பேராசிரியராகப் பணியாற்றியவர். ஷயர் மாதங்களின் பெயர்களுக்குப் பழைய ஆங்கில மாதப் பெயர்களையே அடிப்படையாகக் கொண்டார். அப்பெயர்களுக்குரிய தலையாய சான்று, பீட் என்னும் துறவி 725இல் இலத்தீன் மொழியில் எழுதிய காலக்கணிப்பு நூல். மூன்றாம், நான்காம் மாதங்களைப் பெண் தெய்வங்களோடும், நவம்பருக்கு இணையான மாதத்தைக் கால்நடைப் பலியோடும், மே மாதத்தைப் பசுக்கள் நாளுக்கு மும்முறை பால் தருவதோடும் பீட் தொடர்புபடுத்துகிறார். இப்பெயர்கள் ஷயரில் ரீத், ஆஸ்ட்ரன், பிளாட்மத், திரிமிட்ஜ் எனத் தேய்ந்த வடிவில் வருகின்றன. தெய்வங்கள் இல்லை, பலியும் இல்லை. சொல் மட்டும் நிற்கிறது. சமயத்தைக் கதையிலிருந்து நீக்கிய டோல்கின், சமயம் இருந்ததற்கான மொழித்தடயத்தை நீக்கவில்லை.

பொருள் மறந்த இடத்தில் பொருள் குறித்த பூசல் பிறக்கிறது. பத்தாம் மாதத்தைப் பிரீ ஊரார் ‘விண்டரிங்’ என்பர். ஷயர் மக்கள் ‘விண்டர்ஃபில்த்’ என்பர். ‘ஃபில்த்’ என்பது ஆங்கிலத்தில் அழுக்கைக் குறிப்பதால், சேற்று ஷயரின் மாதம் எனப் பிரீ ஊரார் நகையாடுகின்றனர். குளிர்காலத்திற்கு முன் ஆண்டு நிறைவுறுவதையே பழம்பெயர் குறித்தது. அதனைத் திரித்தவர்கள் பிரீ ஊராரே என ஷயர் மக்கள் மறுக்கின்றனர். ஒரு சொல்லுக்கு அறிஞர் கூறும் மூலமும் அண்டை ஊரார் கற்பிக்கும் பொருளும் மோதுவதை ஊர்ப்பெயராய்வில் ஈடுபட்டோர் நன்கறிவர். கணக்கில் முரணின்மையை நாடிய ஆசிரியரே வழக்கில் முரணை வேண்டுமென்றே விதைத்துள்ளார்.

5. மார்ச் 25: இரு காலங்கள்

தீய மோதிரம் அழிந்த நாள் மார்ச் 25. அது கன்னி மரியாளுக்கு இறைத்தூதர் செய்தி அறிவித்த நாளாகக் கிறித்தவ மரபில் கொள்ளப்படுகிறது. கிறிஸ்து சிலுவையில் அறையப்பட்ட நாள் எனவும் இடைக்காலத்தில் கருதப்பட்டது. பயணக் குழு ரிவெண்டெலிலிருந்து புறப்படும் நாள் டிசம்பர் 25. டாம் ஷிப்பி இவ்விரு தேதிகளின் கிறித்தவப் பொருளை விளக்கியுள்ளார். இங்கிலாந்தில் 1752க்கு முன்னர் ஆட்சிமுறை ஆண்டு மார்ச் 25இல்தான் தொடங்கியது என்பதையும் சேர்த்து எண்ணலாம். வெற்றிக்குப்பின் கோண்டோர் நாடும் தன் புத்தாண்டை அந்நாளுக்கே மாற்றுகிறது.

இவ்விளக்கம் ஏற்கத்தக்கது. ஆயினும் அந்தத் தேதி யாருடையது என்னும் வினா எஞ்சி நிற்கிறது. புதினம் பண்டைய ஏடொன்றின் மொழிபெயர்ப்பு என்பது டோல்கின் கைக்கொண்ட உத்தி. ‘மார்ச்’ என்பது ‘ரீத்’ என்னும் மாதத்திற்கு மொழிபெயர்ப்பாளர் இட்ட பெயர். ஷயரின் நடுநாள் ஆண்டின் மிக நீண்ட பகலோடு ஒத்துவருமாறு அமைக்கப்பட்டதெனக் கொண்டால், ஷயர் தேதிகள் நம் தேதிகளைவிட ஏறத்தாழப் பத்து நாள் முந்தியவை எனப் பிற்சேர்க்கையே தெரிவிக்கிறது. அவ்வாறெனில் மோதிரம் அழிந்தது நம் கணக்கில் மார்ச் மாத நடுப்பகுதியில். குறியீடு கதை மாந்தரின் காலத்தில் இல்லை. அதை வாசிப்பவரின் மொழியில் உள்ளது. மாந்தர் அறியாத பொருளை வாசகர் அறியும்படியும், அப்பொருளை மாந்தர்மேல் ஏற்றாதபடியும் டோல்கின் இரு காலங்களைப் பிரித்து வைத்துள்ளார்.

இப்பிரிவு எங்கும் கவனமாகக் காக்கப்படுகிறது. மீட்கப்பட்டுக் கண்விழிக்கும் சாமிடம், அன்று புத்தாண்டின் பதினான்காம் நாள், ஷயர் கணக்கில் ஏப்ரல் 8 எனக் காண்டால்ஃப் கூறுகிறார். மார்ச் 25 முதல் நாள் எனின், நம் மார்ச் மாதத்தின் 31 நாள்களைக் கொண்டு எண்ணினால் ஏப்ரல் 8 பதினைந்தாம் நாளாகும். முப்பது நாள் மாதத்தில்தான் அது பதினான்கு. ‘மார்ச்’ என்று படிக்கும் வாசகர் தம் மார்ச்சைப் படிக்கவில்லை என்பதற்கு இவ்வொரு நாள் வேறுபாடே சான்று.

6. கொண்டாடப்படாத நாள்

உலகைக் காத்தவர்கள் ஷயரிலிருந்து சென்றவர்கள். கோண்டோர் தன் ஆண்டுத் தொடக்கத்தையே அவர்கள் பொருட்டு மாற்றுகிறது. ஷயர் என்ன செய்தது? பழைய யூல் நாளிலேயே ஆண்டைத் தொடங்கிவந்தது. நான்காம் யுகத்தின் முதலாண்டை 1422 என்றே எழுதியது. மார்ச் 25ஐயோ, பில்போ, புரோடோ இருவரின் பிறந்தநாளான செப்டம்பர் 22ஐயோ ஷயர் மக்கள் கொண்டாடியதாகப் பதிவேதும் இல்லை எனப் பிற்சேர்க்கை உணர்ச்சியின்றி அறிவிக்கிறது.

ஆயினும் ஹாபிட்டன் பகுதியில் ஏப்ரல் 6 அன்று விருந்துத் திடலில் ஆடிப்பாடும் வழக்கம் தோன்றியது. அது முதிய சாமின் பிறந்தநாள் என்றனர் சிலர். பொன்மரம் 1420இல் முதன்முதலாகப் பூத்த நாள் என்றனர் சிலர். எல்ஃப் இனத்தாரின் புத்தாண்டு என்றனர் வேறு சிலர். பக்லாந்தில் நவம்பர் 2 மாலையில் கொம்பூதித் தீமூட்டி விருந்துண்டனர். ஷயரை மீட்க மெர்ரி கொம்பூதிய நாள் அது.

கொண்டாடப்பட்டவை ஊரார் கண்ணால் கண்டவை: திடலில் பூத்த மரம், தெருவில் ஒலித்த கொம்பு. கொண்டாடப்படாதது தொலைவில் யாரும் காணாது நிகழ்ந்த தியாகம். புரோடோவுக்குத் தன் ஊரில் மதிப்பில்லை எனச் சாம் வருந்துவது கதையின் இறுதி அத்தியாயங்களில் இடம்பெறுகிறது. அவ்வருத்தத்தை நாட்காட்டி ஒரு சமூக உண்மையாக உறுதிசெய்கிறது. புரோடோவின் பெயருக்கு ஷயர் ஆண்டில் ஒரு நாளும் இல்லை. விழாவொன்றுக்கு மூன்று காரணங்கள் கூறப்படுவதும், உண்மையான பெருநிகழ்வுக்கு விழாவே இல்லாமற் போவதும் நாட்டார் வழக்காற்றியலார் களத்தில் அடிக்கடி எதிர்கொள்ளும் நிலைமைகள். கணக்கு மட்டுமே அறிந்த படைப்பாளி மார்ச் 25க்கு ஒரு பெருவிழாவை வைத்திருப்பார்.

7. நாட்காட்டி பேசாதவை

இந்நாட்காட்டிக்கு எல்லைகளும் உண்டு. வாரத்தின் தலையாய நாளில் நண்பகலுக்குமேல் ஓய்வும் மாலையில் விருந்தும் உண்டு; ஏழாண்டுக்கு ஒருமுறை லித் நாளில் கூடும் சந்தையில் நகரத்தலைவர் தேர்ந்தெடுக்கப்படுகிறார். ஆனால் விருந்தைச் சமைப்போர் யார், நாட்காட்டியைக் கணித்துப் படியெடுத்தோர் யார் என்பன பேசப்படவில்லை. ஷயர் தன் வீட்டுப் பணியாளர்களைக் கண்ணுக்குத் தெரியாதவர்களாகவே வைத்திருப்பது இங்கும் தொடர்கிறது.

குள்ளர் இனத்தாரின் நாட்காட்டியைப் பிற்சேர்க்கை விவரிக்கவில்லை. 1937இல் வெளிவந்த ‘தி ஹாபிட்’ நூலில் மட்டும் அவர்களது புத்தாண்டு குறிப்பிடப்படுகிறது. இலையுதிர்காலத்தின் கடைசி நிலவின் முதல்நாள் அது. அன்று கதிரவனும் நிலவும் ஒருங்கே வானில் தோன்றினால் அந்நாள் ‘துரினின் நாள்’ எனப்படும். அது எப்போது வரும் எனக் கணிக்கும் அறிவு தங்களிடம் இப்போது இல்லையெனத் தோரின் ஒப்புக்கொள்கிறான். மலையைப் பறிகொடுத்து அலையும் மக்கள் தம் காலக்கணிதத்தையும் இழந்துள்ளனர். விவரிக்கப்படாத இந்நாட்காட்டியே கட்டுரையின் கருதுகோளுக்கு வலுவான சான்றாகிறது: கணக்கே தொலைந்த நிலையிலும் அந்நாள் நம்பத்தக்கதாக உள்ளது, தொலைத்தவர்கள் யார் என்பது நமக்குத் தெரிந்திருப்பதால்.

8. தமிழாக்கம் எழுப்பும் வினா

இவ்வாய்வு தமிழில் மொழிபெயர்ப்போருக்கு ஒரு நடைமுறைச் சிக்கலை முன்வைக்கிறது. ‘மார்ச்’ என்பதைப் பங்குனி என மாற்றுவது தமிழுணர்வுக்கு உகந்ததாகத் தோன்றலாம். பங்குனி கதிரவனின் இராசிப் பெயர்ச்சியால் அளக்கப்படும் மாதம். நாள் எண்ணிக்கை மாறுபடும் மாதங்களின் வரிசையில் வருவது. கோயில் விழாக்களோடு பிணைந்தது. அதனை ஏற்றால் முப்பது நாள் கணக்கும் சமயமற்ற ஷயரும் ஒருங்கே குலையும். கிழமைப் பெயர்களில் சிக்கல் வேறு. ஆங்கில வாசகருக்குச் செவ்வாய்க்கிழமையின் ஆங்கிலப் பெயரில் உறையும் பழந்தெய்வம் புலப்படாது. தமிழில் செவ்வாய் என்றதும் கோளும் சோதிடமும் உடன்வரும். மூலத்தில் மறதியால் இயங்கும் பெயர் தமிழில் நினைவால் இயங்கத் தொடங்குகிறது. கதைப்பகுதியில் ஆங்கில மாதப் பெயர்களைத் தமிழ் வழக்கின்படி வைத்துக்கொண்டு, பிற்சேர்க்கையில் ஷயரின் பெயர்களைத் தமிழொலியில் தேய்ந்த புதுச்சொற்களாக ஆக்குவது ஒரு வழி.

9. முடிவுரை

ஷயர் நாட்காட்டியின் கணக்கு பிழையின்றி அமைந்துள்ளது. எனினும் அதன் இலக்கியத் தகுதி, அக்கணக்கை மக்கள் என்ன செய்தனர் என்பதில் உள்ளது. அவர்கள் ஒரு நாளைக் கிழமையிலிருந்து நீக்கி, அந்நீக்கத்திலிருந்து ஒரு கேலித்தொடரை உண்டாக்கினர். கடலை மறந்து கடல்நாளைச் சொல்லிவந்தனர். மாதப் பெயருக்காக அண்டை ஊராரோடு பூசலிட்டனர். தம்மைக் காத்தவனுக்கு ஒரு நாளும் ஒதுக்காது மரம் பூத்ததைக் கொண்டாடினர். தமிழிலும் மிகுபுனைவு எழுதப்பட்டு வரும் இந்நாளில், புனைவுலகைத் திறனாயும் நாம் அவ்வுலகின் ஆண்டுக்கு எத்தனை நாள் எனக் கேட்பதோடு, எந்த நாளை அவ்வுலகத்தார் மறந்தனர் எனவும் கேட்டல் வேண்டும்.